ஏட்டுப் பெட்டியும் திறவுகோலும்

சுன்னாகத்தைச் சந்தையால் அறிந்தவர் பலர். மின்சார நிலையத்தால் அறிந்தவரும் உளர். அச்சகத்தால் அறிந்தோர் தொகை இன்று குறைந்துவிட்டது. ஆயினும் தமிழிலக்கிய வரலாற்றில் இவ்வூருக்குரிய இடம் அச்சகத்தாலேயே வந்தது. 1930ஆம் ஆண்டு நா. பொன்னையா அவர்கள் தொடங்கிய ‘ஈழகேசரி’ வார இதழ் 1958 வரை இங்கிருந்துதான் வெளிவந்தது. அவரது முயற்சியால், வித்துவசிரோமணி சி. கணேசையரின் உரைவிளக்கக் குறிப்புகளுடன் தொல்காப்பியம் இவ்வூரில் அச்சேறியது. எழுத்ததிகாரம் 1937லும், சொல்லதிகாரம் 1938லும், பொருளதிகாரம் இரு பகுதிகளாக 1943லும் 1948லும் வெளிவந்தன. கணேசையர், சுன்னாகம் அ. குமாரசுவாமிப் புலவரின் மாணவர். இவர்களுக்கு முன்பே, இவ்வூருக்கு அணித்தான சிறுப்பிட்டியிற் பிறந்த சி. வை. தாமோதரம்பிள்ளை 1885இல் தொல்காப்பியப் பொருளதிகாரத்தையும் 1887இல் கலித்தொகையையும் ஏட்டிலிருந்து மீட்டு அச்சேற்றினார்.

இவர்கள் செய்த பணியின் தன்மையை நாம் தெளிவாக உணர வேண்டும். ஏடு தேடினார்கள், ஒரு பிரதியை மற்றொரு பிரதியோடு ஒப்பிட்டார்கள், எழுதினோர் பிழையைக் களைந்தார்கள், மூலம் எது, பிற்சேர்க்கை எது என்று பிரித்தறிந்தார்கள், பின்னர் தம் பெயரைப் பொறித்து உலகத்தின்முன் வைத்தார்கள். ஒருவர் வீட்டுப் பெட்டியிற் கிடந்த ஒற்றைப் பிரதி, எழுத்தறிந்த எவரும் படிக்கத்தக்க ஆயிரம் பிரதிகளாயிற்று. பதிப்பாசிரியர் தவறியிருந்தால் அத்தவற்றையும் வாசகன் கண்டு சொல்லலாம். அச்சு தமிழுக்குத் தந்த மிகப் பெரிய உரிமை இந்தச் சரிபார்க்கும் உரிமையே.

இக்கதையை இங்கு நினைவூட்டக் காரணம் உண்டு. நம் காலத்து ஏடுகளுள் ஒன்று விரல் நகத்தினும் சிறிய ஒரு சில்லு. பாடசாலைக் கணினிக் கூடத்திலும் கூட்டுறவுச் சங்க அலுவலகத்திலும் மாணவனின் மேசையிலும் உள்ள கணினிகளின் தாய்ப்பலகையில், பெரும்பாலும் எட்டுக் கால்களையுடைய அத்தகைய சில்லொன்று பொருத்தப்பட்டிருக்கிறது. மின்விசையை அழுத்தியதும் அதில் எழுதப்பட்ட நிரல் வேலை தொடங்குகிறது. நினைவகத்தை எழுப்புவதும், விசைப்பலகையையும் திரையையும் இனங்காண்பதும், இயக்குதளத்தைத் தேடி அதனிடம் பொறுப்பை ஒப்படைப்பதும் அதன் கடமை. இதனைப் பயோஸ் என்பர். யந்திரத்தோடு ஒட்டிக் கிடக்கும் இத்தகைய நிரல்களுக்கு நிலைப்பொருள் என்பது பொதுப்பெயர்.

இந்நிரலைப் புதுப்பிக்கும் வேளையில் மின்சாரம் நின்றாற் போதும். கணினி உயிரற்ற பெட்டியாகிவிடக்கூடும். அப்போது பழுதுபார்ப்பவர், சில்லில் இருக்க வேண்டிய நிரலின் முழுப் படிமத்தையும் பெற்று, சிறு எழுதுகருவியொன்றால் அதனை மீண்டும் சில்லில் எழுத வேண்டும். ஆனால் உற்பத்தி நிறுவனங்கள் இன்று வழங்கும் புதுப்பித்தற் கோப்பு பெரும்பாலும் அந்தப் படிமம் அன்று. உறைக்குள் உறையாகச் சுற்றி, சில வேளை பூட்டும் இடப்பட்ட பொதி அது. இப்பூட்டு எவ்வாறு வந்தது? யாருடைய நன்மைக்காக வந்தது? விடையைத் தேட நாம் சரித்திரத்துக்குள் சிறிது செல்ல வேண்டும்.

பயோஸ் என்ற பெயரை இட்டவர் கேரி கில்டால் என்னும் அமெரிக்கர். 1970களின் நடுப்பகுதியில் அவர் ஆக்கிய சி.பி.எம். இயக்குதளத்தில், யந்திரத்துக்கு யந்திரம் வேறுபடும் பகுதியைத் தனியே பிரித்து அதற்கு இப்பெயரைச் சூட்டினார். பிற நிறுவனத்தார் தத்தம் யந்திரத்துக்கு ஏற்ப அந்தப் பகுதியை மட்டும் எழுதிக்கொள்ள இப்பிரிப்பு வழிசெய்தது. ஆகவே, பிறக்கும்போது பயோஸ் பிறருக்காகத் திறந்துவைக்கப்பட்ட வாயிலாகவே இருந்தது.

1981ஆம் ஆண்டு நமக்கு மறக்க முடியாத ஆண்டு. அவ்வாண்டு மே மாதக் கடைசி இரவில் யாழ்ப்பாணப் பொது நூலகம் கொளுத்தப்பட்டது. ஏறத்தாழ 97,000 நூல்களும் ஏட்டுச்சுவடிகளும் சாம்பலாயின. வேறு பிரதி இருந்தவை பிழைத்தன. இல்லாதவை என்றென்றைக்கும் அழிந்தன. அதே ஆண்டு ஆகஸ்ட் 12ஆம் நாள், உலகின் மறுபக்கத்தில், ஐ.பி.எம். நிறுவனம் தனது தனியாள் கணினியை அறிமுகப்படுத்தியது. இவ்விரு நிகழ்ச்சிகளுக்கும் எத்தொடர்பும் இல்லை. எனினும் பிரதி என்பதன் அருமையைத் தீயினால் கற்ற ஒரு சமூகம், இரண்டாவது நிகழ்ச்சியின் பின்விளைவுகளைக் கூர்ந்து நோக்கக் கடமைப்பட்டது.

ஐ.பி.எம். கணினியின் பயோஸ் 8 கிலோபைட் அளவே உடையது. அதன் முழு நிரலையும், விளக்கக் குறிப்புகளோடு, அந்நிறுவனமே தனது தொழில்நுட்பக் கைந்நூலில் அச்சிட்டு விற்றது. இது தாராள மனத்தின் வெளிப்பாடு மட்டும் அன்று. துணைக்கருவிகளையும் மென்பொருள்களையும் பிறர் ஆக்கினால்தான் கணினிக்குச் சந்தை உண்டாகும் என்பதை அது அறிந்திருந்தது. அதே வேளை அந்நிரல் பதிப்புரிமைக்கு உட்பட்டது. படிக்கலாம், படியெடுத்து விற்கலாகாது.

யந்திரத்தின் சில்லுக்குள் கிடக்கும் நிரலுக்குப் பதிப்புரிமை உண்டா என்ற வழக்கு விரைவிலேயே எழுந்தது. ஆப்பிள் நிறுவனத்தின் நிரல்களைப் பிராங்ளின் நிறுவனம் அப்படியே படியெடுத்தது. மனிதன் படிக்கும் எழுத்துக்கே பதிப்புரிமை உண்டு என்பது பிராங்ளினின் வாதங்களுள் ஒன்று. 1983இல் அமெரிக்க மேன்முறையீட்டு நீதிமன்றம் அதனை ஏற்கவில்லை. யந்திரத்துக்கு மட்டுமே விளங்கும் எண்வரிசையும் அன்றுமுதல் சட்டத்தின் கண்ணில் ‘நூல்’ ஆயிற்று. ஆனால் நூலுக்கு வாசகன் உண்டு. இந்நூலுக்கு வாசகன் வேண்டாம் என்பதே பின்னர் நடந்த கதை.

ஐ.பி.எம். கணினிக்கு இணையான கணினிகளை ஆக்க விரும்பியோர் வேறொரு வழி கண்டனர். ஒரு குழுவினர் பயோஸ் செய்யும் வேலைகளை ஆராய்ந்து விவரங்களாக எழுதினர். ஐ.பி.எம். நிரலைக் கண்ணாலும் கண்டிராத மற்றொரு குழுவினர், அவ்விவரங்களை மாத்திரம் கொண்டு புதிய நிரலை எழுதினர். கொம்பாக் நிறுவனம் 1982இல் இவ்வாறே தன் கணினியைக் கொணர்ந்தது. 1984இல் பீனிக்ஸ் நிறுவனம் இம்முறையில் ஆக்கிய பயோஸைப் பல உற்பத்தியாளர்க்கு உரிமத்தின் பேரில் வழங்கத் தொடங்கியது. ஒரு நிறுவனத்தின் ஏகபோகம் உடைந்தது, போட்டி பெருகியது, கணினியின் விலை இறங்கியது. இன்று நம் கிராமத்துப் பாடசாலையிலும் கணினி இருப்பதற்கு, ஒரு பூட்டைச் சட்டத்துக்குட்பட்டுக் கடந்த அந்தப் பொறியியலாளர்களின் உழைப்பும் ஒரு காரணமாகும்.

ஆனால் பூட்டை உடைத்து வளர்ந்த தொழில், தானே புதிய பூட்டுகளை ஆக்கிக்கொண்டது. இந்த மாற்றம் ஒரே நாளில் நிகழ்ந்ததன்று. தொடக்கத்தில் பயோஸ் சில்லைக் கழற்றி, புற ஊதா ஒளியால் அழித்து, மீண்டும் எழுத வேண்டியிருந்தது. 1990களில் மின்னால் அழித்தெழுதத்தக்க சில்லுகள் பரவின. நெகிழ்தட்டொன்றில் வந்த கோப்பைக் கொண்டு வீட்டிலிருந்தே பயோஸைப் புதுப்பிக்க முடிந்தது. அக்கோப்பு பெரும்பாலும் சில்லின் அளவையே கொண்ட வெறும் படிமமாக இருந்தது. சில்லு 128 கிலோபைட் எனின் கோப்பும் 128 கிலோபைட். பிரித்தெடுக்க எதுவும் இல்லை. ஏடும் அச்சும் ஒன்றாகவே இருந்தன.

எளிதில் எழுதக்கூடியதை எளிதில் அழிக்கவும் கூடும். தைவானில் மாணவர் ஒருவர் 1998இல் எழுதிய சி.ஐ.எச். என்னும் நச்சுநிரல், 1999 ஏப்ரல் 26ஆம் நாள் உலகெங்கும் எண்ணற்ற கணினிகளில் விழித்தெழுந்தது. அது வன்தட்டைச் சிதைத்ததோடு, பாதுகாப்பற்ற தாய்ப்பலகைகளின் பயோஸையும் அழித்தது. 2011இல் மெப்ரோமி, 2018இல் லோஜாக்ஸ் எனப் பயோஸுக்குள்ளேயே ஒளிந்து வாழும் நச்சுநிரல்களும் கண்டறியப்பட்டன. வன்தட்டை மாற்றினாலும் இவை போகா. ஆகவே பயோஸுக்குப் பாதுகாப்பு வேண்டும் என்ற வாதம் பொய்யன்று. அதனை முதலாளிகளின் வெறும் சூழ்ச்சி என்று தள்ளிவிடுவோர் நேர்மையான வாதத்தைச் செய்பவராகார்.

எத்தகைய பாதுகாப்பு என்பதே கேள்வி. அமெரிக்கத் தேசியத் தர நிறுவனம் 2011 ஏப்ரலில் பயோஸ் பாதுகாப்புக்கான வழிகாட்டியொன்றை வெளியிட்டது. புதுப்பித்தற் கோப்பில் உற்பத்தியாளரின் இலக்கமுறைக் கையொப்பம் இருக்க வேண்டும். அதனைச் சரிபார்த்த பின்னரே சில்லில் எழுத இடந்தர வேண்டும் என்பது அதன் சாரம். கையொப்பத்தின் சிறப்பு யாதெனில், அது எதையும் மறைப்பதில்லை. ஆவணத்தை எல்லோரும் படிக்கலாம்; ஓர் எழுத்தை மாற்றினாலும் கையொப்பம் பொருந்தாமற் போய்விடும். மறைகுறியாக்கம் வேறு. அது ஆவணத்தையே எவரும் படிக்க முடியாதபடி செய்கிறது. நூலின் முகப்பிலே பதிப்பாசிரியர் பெயர் இருப்பது கையொப்பம். நூலைப் பெட்டியில் இட்டுப் பூட்டுவது மறைப்பு. முதலாவது பொறுப்பேற்பது, இரண்டாவது பொறுப்பிலிருந்து தப்புவது. பாதுகாப்பின் பெயரால் இவ்விரண்டையும் ஒன்றெனக் காட்டுவதே இன்றைய மயக்கம்.

பொதியைப் பிரிப்போர் என்ன செய்கின்றனர் என்பதைப் பார்த்தால் இது விளங்கும். 2005இல் நிறுவப்பட்ட யு.ஈ.எஃப்.ஐ. மன்றத்தின் விதிகளைத் தழுவிய புதிய நிலைப்பொருள்கள் 16 மெகாபைட், 32 மெகாபைட் என வளர்ந்துவிட்டன. 16 மெகாபைட் என்பது 1981இன் பயோஸைப் போல 2,048 மடங்கு. புதுப்பித்தற் கோப்பு சில வேளை முன்னே ஒரு தலைப்பகுதியை மட்டும் ஏற்றிருக்கும். சில தாய்ப்பலகைகளின் கோப்பு சில்லின் அளவைவிடச் சரியாக 2,048 பைட் மிகுந்திருக்கும். அம்மிகுதியை வெட்டினால் எஞ்சுவது படிமம். சில வேளை படிமம் ஓர் இயங்குநிரலின் வயிற்றுக்குள் சுருக்கப்பட்டுக் கிடக்கும். இன்டெல் கணினியின் முழுப் படிமமாயின் தொடக்கத்திலிருந்து 16 பைட் தள்ளி நிற்கும் நான்கு பைட் அடையாளம் அதனைக் காட்டிக்கொடுக்கும். இவற்றைத் தேடிப் பகுதி பகுதியாகப் பிரித்துக் காட்டும் கட்டற்ற மென்பொருள்களும் உள்ளன.

படிமம் கிடைத்தால் வேலை முடிந்துவிடுவதில்லை. புதுப்பித்தற் கோப்பில் பெரும்பாலும் பயோஸ் பகுதி மட்டுமே இருக்கும். கணினியின் தொடரிலக்கம், வலையமைப்பு முகவரி முதலிய தனி விவரங்கள் பழைய சில்லில்தான் உள்ளன. ஆகவே தேர்ந்த தொழிலாளி முதலில் சில்லை இரண்டு மூன்று முறை வாசித்து, வாசிப்புகள் ஒத்திருக்கின்றனவா என்று பார்ப்பார். சிதைந்த பகுதியை நீக்கி, புதிய பகுதியை அதனிடத்தில் பொருத்தி, எஞ்சியவற்றைக் காப்பார். எழுதிய பின்னும் மீள வாசித்து ஒப்பிடுவார். பாடபேதம் நோக்கிய நம் பதிப்பாசிரியர்களின் முறை இதுவன்றோ? ஒரு கடையின் மூலையில் உருப்பெருக்கிக் கண்ணாடியுடன் குனிந்திருக்கும் இளைஞன் செய்வது கைத்தொழில் மட்டுமன்று. அது ஒரு புலமைப் பணி.

கோப்பு மறைகுறியாக்கப்பட்டிருந்தால் இப்பணி அங்கேயே நின்றுவிடும். ஆனால் இங்கொரு முரண்பாட்டைக் கவனிக்க வேண்டும். கணினி தொடங்குவதற்கு முறைவழி அலகு நிரலை வாசித்தாக வேண்டும். ஆகவே சில்லிலே நிரல் பெரும்பாலும் வெளிப்படையாகவே எழுதப்பட்டிருக்கும். நல்ல நிலையிலுள்ள அதே இனக் கணினியொன்றும் மலிவான எழுதுகருவியும் உடைய எவரும் அதனை வாசித்துவிடலாம். அப்படியாயின் கோப்பின் பூட்டு யாரைத் தடுக்கிறது? பொருளும் காலமும் உடைய தாக்குநனை அன்று. வேறொரு கணினி வாங்க வகையற்ற உரிமையாளனையும், அவனுக்கு உதவ முயலும் தொழிலாளியையுமே அது தடுக்கிறது.

பூட்டின் மற்றொரு வடிவம் இன்னும் கடுமையானது. 2013இல் இன்டெல் அறிமுகப்படுத்திய பூட் கார்ட் முறையில், உற்பத்தியாளரின் திறவுகோலுக்குரிய அடையாளம் கணினியின் வன்பொருளிலேயே அழிக்க முடியாதபடி பதிக்கப்படுகிறது. முறை முழுமையாகச் செயற்படும் கணினியில், அத்திறவுகோலால் ஒப்பமிடப்படாத நிரல் ஓடாது. கணினி வாங்கியவருடையது, திறவுகோல் விற்றவருடையது. நிலம் உழுபவனிடமும் உறுதி வேறொருவனிடமும் இருந்த பழைய உறவை நம் வாசகர் நன்கு அறிவர்.

திறவுகோலைத் தம்மிடமே வைத்துக்கொண்டவர்கள் அதனை எவ்வாறு காத்தனர்? 2023இல் எம்.எஸ்.ஐ. நிறுவனத்திலிருந்து திருடப்பட்டு வெளியான கோப்புகளுக்குள் பூட் கார்ட் திறவுகோல்களும் இருக்கக் கண்டனர். 2024 ஜூலையில் வெளிவந்த செய்தி இதனினும் வியப்புக்குரியது. நம்பத்தகாதது என்று அதன்மீதே எழுதப்பட்டிருந்த ஒரு சோதனைத் திறவுகோலை, பல நிறுவனங்கள் மாற்றாமலே நூற்றுக்கணக்கான கணினி வகைகளில் பொருத்தி விற்றிருந்தன. ஆயிரக்கணக்கான நிலைப்பொருட் படிமங்களைத் திரட்டிப் பிரித்து ஒப்பிட்ட ஆய்வாளர்களே இதனை வெளிப்படுத்தினர். படிமத்தைப் பிரிக்கும் தொழில் பாதுகாப்புக்குப் பகை என்று கூறுவோர் இந்நிகழ்ச்சியைச் சிந்திக்கட்டும். படிக்க முடிந்ததனால் குற்றம் தெரிந்தது. எல்லாக் கோப்புகளும் மறைகுறியாக்கப்பட்டிருந்தால் அக்குற்றம் இன்னும் உறங்கிக்கொண்டிருக்கும்.

சட்டமும் முழுவதும் ஒருபக்கம் சாய்ந்துவிடவில்லை. ஐரோப்பியச் சமூகம் 1991இல் பிறப்பித்த நெறிமுறை, ஒரு நிரல் மற்றொன்றோடு இணைந்து இயங்குவதற்குத் தேவையான அளவில் அதனைப் பகுத்தாராய இடந்தந்தது. 1999இல் திருத்தப்பட்ட இந்தியப் பதிப்புரிமைச் சட்டமும் அத்தகைய இடத்தைத் தருகிறது. 2000ஆம் ஆண்டு சோனி–கனெக்டிக்ஸ் வழக்கில், விளையாட்டுக் கருவியொன்றின் பயோஸை எடுத்து ஆராய்வதற்காகப் படியெடுத்தமை நியாயமான பயன்பாடே என்று அமெரிக்க மேன்முறையீட்டு நீதிமன்றம் தீர்த்தது. மறுபுறம், அந்நாட்டில் 1998இல் இயற்றப்பட்ட சட்டம் பூட்டைக் கடப்பதையே குற்றமாக்கியது. பழுதுபார்ப்போர் பல ஆண்டுகள் போராடி, 2021இல் நுகர்வோர் கருவிகளின் பழுதுபார்ப்புக்கு விலக்குப் பெற்றனர். இலங்கையின் 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டமும், முறையாக நிரலைப் பெற்றவர் காப்புப் பிரதியொன்று எடுக்கவும், மூலம் அழிந்தால் அதனைக் கொண்டு ஈடுசெய்யவும் இடமளிக்கிறது. பிரதி எடுக்கும் உரிமை உண்டு; எடுக்கும் வழி பூட்டப்பட்டிருக்கிறது. உரிமைக்கும் வழிக்கும் இடையேயுள்ள இந்தத் தூரத்தைத்தான் நாம் அரசியல் என்கிறோம்.

திறந்த வழி நடைமுறைக்கு ஒவ்வாதது என்பாருக்கும் வரலாறு விடை தந்திருக்கிறது. 1999இல் அமெரிக்காவின் லொஸ் அலமோஸ் ஆய்வுகூடத்தில் ரொன் மின்னிச் தொடக்கிய லினக்ஸ்பயோஸ் திட்டம், 2008இல் கோர்பூட் என்னும் பெயரைப் பெற்றது. அதன் மூலநிரலை எவரும் படிக்கலாம். பாடசாலைகளில் பெருந்தொகையாகப் பயன்படும் குரோம்புக் மடிக்கணினிகள் அதனையே அடிப்படையாகக் கொண்டவை; அவற்றில் கையொப்பச் சரிபார்ப்பும் உண்டு. திறந்த ஏடும் காவலும் ஒருங்கே வாழும் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டுவதில்லை.

யாழ்ப்பாணக் குடாநாட்டவருக்கு இது தொலைதூரத்து விவகாரமன்று. 1990 முதல் நீண்ட தடைக்காலத்தில் இங்கே மின்சாரம் இல்லை; எரிபொருளும் மின்கலங்களும் தடுக்கப்பட்டிருந்தன. சைக்கிள் டைனமோவைச் சுழற்றி வானொலி கேட்டார்கள். பெற்றோல் வாகனங்களை மண்ணெண்ணெயில் ஓட்டினார்கள். எந்த உற்பத்தியாளரின் கைந்நூலிலும் இல்லாத அந்த அறிவு, யந்திரத்தைத் திறந்து பார்க்க முடிந்ததனாலேயே பிறந்தது. திறக்க முடியாத யந்திரத்தின்முன் அந்தச் சாமர்த்தியம் பயன்படாது. உறவினரும் நலன்விரும்பிகளும் அனுப்பும் பழைய கணினிகளில் கற்கும் மாணவருக்கு, ஒரு சில்லின் சிதைவு ஒரு கணினியின் மரணமாகக் கூடாது. செப்பனிடக்கூடியதைக் குப்பையாக்கும்போது அதன் நஞ்சைச் சுமப்பதும் ஏழை நாடுகளின் மண்ணே.

ஆசிரியர்களும் மாணவர்களும் இவ்விடயத்தில் செய்யத்தக்கவை சிலவுண்டு. நிலைப்பொருள் என்பது மந்திரமன்று, மனிதர் எழுதிய நூல் என்பதை வகுப்பறையிற் கற்பிக்கலாம். பாடசாலைக் கணினிகள் நலமாக இருக்கும்போதே அவற்றின் சில்லுகளை வாசித்துக் காப்புப் பிரதி வைத்துக்கொள்ளலாம். அரசும் மாகாணசபையும் கணினி கொள்வனவு செய்யும்போது, ஒப்பமிட்ட, ஆனால் மறைக்கப்படாத முழுப் படிமத்தையும் உற்பத்தியாளர் வழங்க வேண்டும் என்ற நிபந்தனையைக் கேள்விப்பத்திரத்தில் சேர்க்குமாறு ஆசிரியர் சங்கங்கள் கோரலாம். இவற்றுள் ஒன்றேனும் சட்டத்துக்குப் புறம்பானதன்று; பெரும் பொருட்செலவும் வேண்டுவதன்று.

ஏட்டுப் பெட்டியைத் திறந்தவர்கள் ஏட்டைக் களவாடினார்கள் என்று இன்று எவரும் சொல்வதில்லை. கறையானுக்கும் நெருப்புக்கும் இரையாகாமல் காத்தார்கள் என்றே சொல்கிறோம். சில்லுக்குள் இருக்கும் ஏட்டையும் படிக்கவும் படியெடுத்துக் காக்கவும் உரிமை வேண்டும் என்று கேட்பவர்களை, வருங்காலம் வேறுவிதமாக மதிப்பிட நியாயமில்லை.